டிஎல்எல் காணோமா? டவுன்லோடுக்கு முன்னால் பெயரைப் படியுங்கள்

மார்ச் கடைசி. கணக்கு முடிக்கிற அவசரத்தில் ஒரு ஹார்டுவேர் கடையிலிருந்து போன். "அண்ணா, புது சிஸ்டத்துல பில்லிங்கும் ஓப்பன் ஆகல, லேபிள் பிரிண்டும் வரல. டிஎல்எல் மிஸ்ஸிங்னுச்சு. நெட்ல எடுத்து சிஸ்டம்32-ல போட்டேன். அப்பவும் அதே எர்ரர். அப்புறம் சாஃப்ட்வேர் ஃபோல்டர்லயே போட்டேன், இப்ப வேற எர்ரர்ண்ணா."

போய்ப் பார்த்தேன். மூன்று கோப்புகள், மூன்றும் வெவ்வேறு தளங்களிலிருந்து. பிரவுசரைத் திறந்தால் விளம்பரம் கொட்டுகிறது. பேங்க் வேலையும் அதே சிஸ்டத்தில்தான்.

டிஎல்எல் என்பது பல மென்பொருள்கள் பங்குபோட்டுக்கொள்ளும் நிரல் தொகுப்பு. எந்த மென்பொருள் அதை ஏற்றுகிறதோ, அந்த மென்பொருளுக்குள்ளேயே, அதன் அதிகாரத்தோடு அது ஓடும். முகம் தெரியாத தளத்து டிஎல்எல்லைப் போடுவது, முகம் தெரியாத ஆளைக் கல்லாவில் உட்கார வைப்பது மாதிரி. போதாக்குறைக்கு, வின்டோஸ் தன் முக்கியக் கோப்புகள் சிலவற்றைத் தவிர மற்றவற்றை முதலில் மென்பொருளின் சொந்த ஃபோல்டரில்தான் தேடும்.

அதனால் காணாமல் போனது எந்த வகைக் கோப்பு என்று பார்த்துவிட்டுத்தான் நான் கை வைப்பேன். பாதி விடை பெயரிலேயே இருக்கும்.

லேபிள் மென்பொருள் கேட்டது எம்எஸ்விசிபி100. மைக்ரோசாஃப்ட் விஷுவல் சி என்பதன் சுருக்கம்தான் முதல் நான்கு எழுத்து. ஐந்தாவது எழுத்து பி என்றால் சி++ நூலகம், ஆர் என்றால் சி ரன்டைம், அதாவது புரோகிராம் ஓடத் தேவையான அடிப்படைத் துணை. 100 என்பது 10-ஆம் பதிப்பு, அதாவது புரோகிராம் எழுதும் மைக்ரோசாஃப்ட் கருவியான விஷுவல் ஸ்டுடியோ 2010. அதேபோல் 71 என்றால் 2003, 80 என்றால் 2005, 90 என்றால் 2008, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 130 கிடையாது, 13-ஐ அவர்களும் தாண்டிவிட்டார்கள். 2015 முதல் 2022 வரை எல்லாமே 140. எண்ணுக்குப் பின்னால் ஒரு டி ஒட்டியிருந்தால் (எம்எஸ்விசிபி100டி போல) உங்கள் சிஸ்டத்தில் பிழையே இல்லை. சோதனைக்கு வைத்திருந்த பதிப்பைப் புரோகிராமர் தவறிப்போய் உங்களிடம் கொடுத்திருக்கிறார். அவரையே கூப்பிடுங்கள்.

இந்தக் குடும்பத்துக்குத் தனிக் கோப்பு தேடவே வேண்டாம். 2005 முதல் அந்தந்த ஆண்டின் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள், அதாவது இந்தக் கோப்புகளை மொத்தமாக நிறுவும் தொகுப்பு, மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே இலவசம். சிஸ்டம் 64 பிட்டாக இருந்தாலும் மென்பொருள் 32 பிட் என்றால் 32 பிட் தொகுப்புதான் வேண்டும். பலர் வழுக்கி விழுவது இங்கேதான். பெயர் வைத்த புண்ணியவான் யாரோ, சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள்; 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64-இல் இருக்கும்! தம்பி சிஸ்டம்32-இல் போட்டதை 32 பிட் மென்பொருள் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. பிறகு அதே 64 பிட் கோப்பை மென்பொருளின் ஃபோல்டரில் போட்டதும், 7பி-யில் முடியும் அந்த நீள எண் எர்ரர் வந்தது.

கோப்பு எத்தனை பிட் என்று பார்க்க ஒரு நாட்டு வைத்தியம்: நோட்பேடில் திறந்து பாருங்கள், சேமித்துவிடாதீர்கள். தொடக்கத்தில் எம், இசட் என்ற இரண்டு ஆங்கில எழுத்து இருக்கும். சற்றுக் கீழே பி, இ என்று வரும். அதை அடுத்துப் பெரிய எல் வந்தால் 32 பிட். ஏபிசிடி-யில் வரும் சின்ன டி வந்தால் 64.

பில்லிங்கின் கதை வேறு. அது விபி6 என்கிற விஷுவல் பேசிக் 6-இல் எழுதியது. 1998-இல் வந்த விபி6-க்கான அடிப்படை ரன்டைம், எம்எஸ்விபிவிஎம்60, இன்றைய வின்டோஸிலும் கூடவே வருகிறது. ஆனால் திரையில் கட்டம் போடும் எம்எஸ்ஃப்ளெக்ஸ்கிரிட் ஓசிஎக்ஸ் வராது. ஓசிஎக்ஸும் டிஎல்எல் ஜாதிதான், ஆனால் காப்பி அடித்தால் மட்டும் போதாது; அட்மின் உரிமையோடு ரெக்ஸ்விஆர்32 என்ற கட்டளையைக் கொடுத்துப் பதிவு செய்ய வேண்டும். அதற்காகக் கண்ட டிஎல்எல்லுக்கெல்லாம் அதை ஓட்டாதீர்கள். எம்எஸ்விசிபி100-க்கு ஓட்டினால் நுழைவாயில் இல்லை என்றுதான் திட்டும். அது பதிவு கேட்கும் வகையே அல்ல.

இந்த இரண்டிலும் சேராமல், வின்டோஸின் சொந்தக் கோப்பு கெட்டிருந்தால், அதைச் சரிசெய்ய வின்டோஸிலேயே இருக்கும் எஸ்எஃப்சி ஸ்கேன். மென்பொருள் கம்பெனி தானே எழுதிய டிஎல்எல் என்றால் அவர்களுடைய இன்ஸ்டாலர். வேறு வழி இல்லை.

சந்தேகமான கோப்பில் ப்ராபர்ட்டீஸ் போய் டிஜிட்டல் கையொப்பம் பார்க்கலாம். ஆனால் அங்கே கையொப்பம் காட்டாததெல்லாம் போலி அல்ல. வின்டோஸ் கோப்புகள் பலவற்றுக்குக் கையொப்பம் கோப்புக்குள் இல்லாமல், கேட்டலாக் என்ற தனிப் பட்டியல் கோப்பில் இருக்கும்.

கடைக்கு வருவோம். மூன்று கோப்புகளையும் அழித்து, முழு ஸ்கேன் ஓட்டி, பேங்க் பாஸ்வேர்டை வேறொரு சிஸ்டத்திலிருந்து மாற்றச் சொன்னேன். 2010 ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் போட்டதும் லேபிள் ஓடியது. ஓசிஎக்ஸுக்கு ஒரிஜினல் சிடி இருக்கிறதா என்று முதலாளியிடம் கேட்டேன். சாமி படத்துக்குப் பின்னாலிருந்து பத்திரமாக எடுத்துக் கொடுத்தார். புது சிஸ்டத்தில் சிடி டிரைவ்தான் இல்லை.