பணத்தைச் சேமிக்கலாம், வேலையாளின் நேரத்தைச் சேமிக்க முடியாது

மக்கள்தொகை மூப்படைகிறது என்றதும் ஆயுள் கூடிவிட்டதுதான் காரணம் என்று பலரும் நினைக்கிறார்கள். அது சின்னக் காரணம். பெரிய காரணம் பிறப்பு குறைந்தது. ஒரு தலைமுறையின் இடத்தை அடுத்த தலைமுறை நிரப்ப, பெண் ஒருவருக்குச் சராசரியாக 2.1 குழந்தைகள் வேண்டும். தென் கொரியாவில் 2023-இல் அது 0.72. அங்கே முதியவர்கள் திடீரென்று பெருகிவிடவில்லை. அவர்களுக்குப் பின்னால் வரவேண்டிய வரிசைதான் மெலிந்துவிட்டது.

வேகமும் முக்கியம். 65 வயதைக் கடந்தவர்களின் பங்கு 7 சதவீதத்திலிருந்து 14 சதவீதமாக உயர பிரான்ஸுக்கு 115 ஆண்டுகள் பிடித்தன. ஜப்பானுக்கு 24 ஆண்டுகளே பிடித்தன. வரி, ஓய்வூதிய விதி, மருத்துவமனைப் படுக்கை, பயிற்சி பெற்ற பணியாளர் எல்லாவற்றையும் ஒரே தலைமுறைக்குள் மாற்றியாக வேண்டும் என்பது வேறு வகையான நெருக்கடி.

இதை அளக்க வழக்கமாகச் சொல்லப்படுவது முதியோர் சார்பு விகிதம்: 15 முதல் 64 வயது வரையுள்ள 100 பேருக்கு, 65-ஐக் கடந்தவர்கள் எத்தனை பேர். கணக்குப் போட எளிது, ஏமாற்றவும் எளிது. பள்ளியில் படிக்கும் 16 வயதுப் பையனை இது உழைப்பவன் என்கிறது. வேலைக்குப் போகும் 68 வயதுக்காரரைச் சார்ந்திருப்பவர் என்கிறது. ஓய்வூதியத்துக்கு வேண்டிய கேள்வி வேறு: சந்தா கட்டுபவர் எத்தனை பேர், வாங்குபவர் எத்தனை பேர்?

பல நாடுகளின் அரசு ஓய்வூதியம், இன்று வேலை செய்பவர் கட்டும் பணத்தை இன்றே ஓய்வு பெற்றவருக்குக் கொடுக்கும் முறையில்தான் ஓடுகிறது. இடையில் பெரிய உண்டியல் எதுவும் இல்லை. கணக்கு ஒரே வரி: ஓய்வூதியம் சம்பளத்தில் எத்தனை சதவீதமோ, அதை ஓய்வூதியர் ஒருவருக்கு எத்தனை உழைப்பாளர் என்ற எண்ணால் வகுத்தால், கட்டவேண்டிய சந்தா கிடைக்கும். ஓய்வூதியம் சராசரிச் சம்பளத்தில் 40 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். ஒருவருக்கு 5 உழைப்பாளர் இருந்தால் சந்தா 8 சதவீதம். அது 2.5 ஆகக் குறைந்தால் 16. இரண்டே பேர் என்றால் 20. யாரும் பணத்தைத் திருடவில்லை, நிர்வாகமும் மோசமில்லை. ஆனாலும் சுமை இரண்டரை மடங்கு.

இதற்கு வெளிப்படையாக மூன்று வழிகள்: சந்தாவைக் கூட்டுவது, ஓய்வூதியத்தைக் குறைப்பது, ஓய்வு வயதைத் தள்ளுவது. மூன்றாவது இரண்டு பக்கமும் வேலை செய்யும். 100 உழைப்பாளர், 40 ஓய்வூதியர் இருக்கும் இடத்தில் 4 பேர் வேலையில் தொடர்ந்தால் அது 104-க்கு 36 ஆகிறது. 16 சதவீதச் சந்தா ஏறக்குறைய 13.8-க்கு இறங்குகிறது. அதனால்தான் அரசுகள் இந்த வழியை விடுவதில்லை. 1889-இல் ஜெர்மனி ஓய்வூதியச் சட்டம் கொண்டுவந்தபோது வயது 70. 1916-இல் 65 ஆனது. இப்போது 2031-க்குள் 67 ஆக்கும் பாதையில் இருக்கிறது. ஆனால் மூட்டை தூக்கியே முதுகு தேய்ந்தவருக்கும் மேசையில் உட்கார்ந்து வேலை பார்த்தவருக்கும் ஒரே 67 என்பது நியாயமான கணக்கு அல்ல. (முதியவர் விலகினால்தான் இளைஞருக்கு வேலை என்பதும் தவறு. வேலைகளின் எண்ணிக்கை நிலையானது அல்ல. சம்பளம் வாங்கும் முதியவர் செலவும் செய்கிறார்.)

நான்காவது வழி ஒன்று சத்தமில்லாமல் நடக்கும்: ஓய்வூதியத்தை ஆண்டுதோறும் உயர்த்தும் விதியை மாற்றுவது. உங்கள் ஓய்வூதிய ஆவணத்தில் முதலில் தேடவேண்டியது மாதத் தொகையை அல்ல, இந்த விதியைத்தான். உயர்வு சம்பளத்தோடு இணைந்ததா, விலைவாசியோடு இணைந்ததா, அல்லது உயர்வே கிடையாதா? 5 சதவீதப் பணவீக்கத்தில் உயராத ஓய்வூதியத்தின் வாங்கும் திறன் சுமார் 14 ஆண்டுகளில் பாதியாகிவிடும்.

"அரசை நம்பவில்லை, நானே சேமிக்கிறேன்" என்பது அடுத்த பதில். சேமிக்கத்தான் வேண்டும். ஆனால் பணம் என்பது வருங்கால உற்பத்தியில் ஒரு பங்கைக் கேட்கும் சீட்டு மட்டுமே. 80 வயதில் உங்களைக் குளிப்பாட்டும் கை அன்றைக்கு வேலைக்கு வரும் ஒருவருடையது. அந்த ஒரு மணி நேரத்தை இன்றே வாங்கி வங்கியில் போட்டுவைக்க முடியாது. சீட்டு வைத்திருப்பவர்கள் பெருகி, வேலை செய்பவர்கள் குறைந்தால், சீட்டின் மதிப்புதான் இறங்கும்.

இது முதலில் தெரியும் இடம் பராமரிப்பு. ஆலையில் இயந்திரம் வைத்து ஒருவர் பத்துப் பேர் வேலையைச் செய்யலாம். படுக்கையில் இருப்பவரைப் புரட்டிப் படுக்கவைக்க முன்பு ஆன நேரம்தான் இன்றும் ஆகிறது. மற்ற துறைகளில் சம்பளம் ஏறும்போது இங்கும் ஏறவேண்டும், இல்லையேல் ஆள் கிடைக்காது. ஆகவே பராமரிப்புச் செலவு நீண்டகாலத்தில் பொதுப் பணவீக்கத்தைவிட வேகமாக ஏறும். திட்டம் போடும்போது இதைத் தனி வரியாக எழுதி, பொதுப் பணவீக்கத்துக்கு மேல் 2 சதவீதமாவது கூட்டுங்கள். மருத்துவக் காப்பீடு இருக்கிறதே என்று நினைத்துத்தான் பலர் சறுக்குகிறார்கள். அது பொதுவாகச் சிகிச்சைக்குப் பணம் தரும். உடை மாற்ற, சாப்பிட, கழிப்பறைக்குப் போக உதவும் ஆளுக்குத் தராது. இந்த இடைவெளிக்காகவே ஜெர்மனி 1995-இலும் ஜப்பான் 2000-இலும் நீண்டகாலப் பராமரிப்புக்குத் தனிக் காப்பீட்டைக் கட்டாயமாக்கின. ஜப்பானில் 40 வயதிலிருந்தே சந்தா கட்டவேண்டும்.

சேமிப்பு எவ்வளவு வேண்டும் என்பது, அந்தச் சேமிப்பு தரும் வருவாய் பணவீக்கத்தை எவ்வளவு தாண்டுகிறது என்பதைப் பொறுத்தது. 25 ஆண்டு ஓய்வுக்கு, வருவாய் பணவீக்கத்துக்குச் சமமாக இருந்தால் 25 ஆண்டுச் செலவு கையில் இருக்க வேண்டும். 2 சதவீதம் மேலே இருந்தால் சுமார் 20 ஆண்டுச் செலவு போதும். 2 சதவீதம் கீழே என்றால் சுமார் 32. "பத்திரமான" வைப்பில் எல்லாவற்றையும் போட்டுவிட்டு நிம்மதியாக இருப்பவர் பெரும்பாலும் இந்த மூன்றாவது கணக்கில்தான் இருக்கிறார்.

ஓய்வுக்காலத்தையும் பலர் குறைத்துக் கணக்குப் போடுகிறார்கள். பிறப்பின்போதான சராசரி ஆயுளை எடுக்காதீர்கள். அதில் குழந்தை மரணங்களும் சேர்ந்திருக்கும். 60 வயதை எட்டியவர் இன்னும் எத்தனை ஆண்டு வாழ்வார் என்ற அட்டவணையைப் பாருங்கள். அதுவும் சராசரிதான், ஏறக்குறையப் பாதிப் பேர் அதைத் தாண்டுவார்கள். தம்பதியாக இருந்தால் இருவரில் இளையவரின் வயதை வைத்துக் கணக்கிடுங்கள்.

ஓய்வின் முதல் சில ஆண்டுகளில் பங்குச் சந்தை விழுவது, பின்னால் விழுவதைவிட ஆபத்து. 100 அலகு சேமிப்பில் செலவுக்கு 5-ஐ எடுத்தபின் மீதி 30 சதவீதம் சரிந்தால் நிற்பது 66.5. அடுத்த ஆண்டும் அதே 5-ஐ எடுத்தால் அது 7.5 சதவீதம். சந்தை மீண்டாலும் விற்றுத் தின்றது திரும்பாது. இரண்டு மூன்று ஆண்டுச் செலவைச் சந்தைக்கு வெளியே வைத்திருந்தால் விழுந்த விலையில் விற்கவேண்டி வராது.

எந்தப் புள்ளிவிவரத்திலும் சரியாக வராத செலவு ஒன்று உண்டு. பெற்றோரைப் பார்த்துக்கொள்ள 45, 50 வயதில் வேலையை விடும் மகள் அல்லது மருமகள். சம்பளம் 100 அலகு, மாதச் சந்தா 10 என்றால் மூன்று ஆண்டில் 360 அலகு சேராமல் போகிறது. பணவீக்கம் போக 4 சதவீத வளர்ச்சியில் 20 ஆண்டுக்குப் பின் அது ஏறக்குறைய 790. இதற்கு மேல் மூன்று ஆண்டுச் சம்பளமும், திரும்பிவரும்போது குறைந்த சம்பளத்தில் சேர்வதும் தனி. வேலையை விடுமுன் பகுதிநேரம், ஊதியமில்லா விடுப்பு, வாரத்தில் சில நாள் கூலிக்கு ஆள் ஆகியவற்றின் செலவை இந்த இழப்போடு ஒப்பிட்டுப் பாருங்கள். விடுவதுதான் வழி என்றால், அந்த மாதாந்திர 10 அலகை உடன்பிறந்தவர்கள் பகிர்ந்து அவர் கணக்கில் கட்டட்டும்.