ஃபுட்டேஜ்: அடிக்கணக்கில் பிறந்த சொல்

ஆவணப்படம் எடுப்பவர்களின் பேச்சில் 'ஆர்க்கைவ் ஃபுட்டேஜ்' அடிக்கடி வரும்; முன்பே எடுத்துச் சேமித்து வைத்திருக்கும் காட்சி என்று பொருள். இதைத் தமிழில் எப்படிச் சொல்வது?

ஃபுட் என்றால் அடி. படச்சுருளை அடிக்கணக்கில் அளந்த காலத்தில் வந்த சொல் ஃபுட்டேஜ். 35 மி.மீ. சுருளில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம்கள், அதாவது தனித்தனிப் படங்கள். நொடிக்கு 24 ஃபிரேம் ஓடினால் நிமிடத்துக்கு 90 அடி. 1,000 அடிச் சுருள் ஏறக்குறைய 11 நிமிடம். இன்று பெரும்பாலும் சுருளே இல்லை, பெயர் மட்டும் நிற்கிறது. தமிழுக்கு அந்த அடிக்கணக்கு வேண்டாம், 'காட்சிப்பதிவு' போதும்.

ஆர்க்கைவ் கிரேக்கத்திலிருந்து வந்தது. ஆட்சியாளர்கள் இருந்த மாளிகைக்கு ஆர்கேயோன் என்று பெயர்; அரசு ஆவணங்களும் அங்கேதான் இருந்தன. நம்மிடம் 'ஆவணக்காப்பகம்' நன்றாகவே வழங்குகிறது. பெரியபுராணத்தில் சுந்தரரை வழிவழி அடிமை என்று முதியவர் ஓலை காட்டும் வழக்கை நினைத்துப் பாருங்கள். அந்த ஓலையை 'ஆவணம்' என்றே சேக்கிழார் சொல்கிறார். எழுத்து சுந்தரரின் பாட்டனுடையதுதானா என்று தெரிய, அவர் எழுதிய வேறோர் ஓலையை 'அரண்தரு காப்பில்' இருந்து வரவழைத்து, சபையார் இரண்டையும் ஒப்பு நோக்குகிறார்கள். காப்பகம் எதற்கு என்பதை இதைவிடத் தெளிவாக நான் எங்கும் படித்ததில்லை.

திரைப்பட ஆவணக்காப்பாளர் செய்வதும் அந்த ஒப்பு நோக்கல்தான். கேட்ட காட்சியைத் தேடுவது, பிரதி எடுப்பது, உரிமை யாரிடம் என்று பார்ப்பது எல்லாம் உண்டு. ஆனால் டப்பாவின் மேல் எழுதியிருப்பதை நம்பிக் கொடுத்துவிட முடியாது. கோடாக் சுருளின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று சிறு குறிகள் இருக்கும். அவை சுருள் தயாரான ஆண்டைக் காட்டும். 20 ஆண்டுக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வருவதால், காட்சியில் தெரியும் உடை, வண்டி, பெயர்ப்பலகை எல்லாவற்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். முதல் உலகப் போரைப் பற்றி 1916இல் வெளியான 'சோம் போர்' ஆவணப்படத்தில் வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாயும் புகழ்பெற்ற காட்சி, போர்முனைக்குப் பின்னால் நடித்து எடுக்கப்பட்டது. அதை உண்மைப் போராகக் காட்டிய ஆவணப்படங்கள் நிறைய. படத்தொகுப்பு தொடங்கும் முன்பே இயக்குநரிடம் இதைச் சொல்ல வேண்டியவர் காப்பாளர்தான்.

சரி, முழுத்தொடருக்கு என்ன சொல்லலாம்? 'பழைய காட்சி' சரிவராது. போன மாதம் எடுத்ததும் காப்பகத்தில் இருக்கும். 'ஆவணக்காட்சி' என்றால் ஆவணப்படத்தில் வரும் காட்சி என்று தோன்றும். எனக்குப் பொருத்தமாகப் படுவது 'காப்பகக் காட்சி'. எங்கிருந்து எடுத்தது என்பது பெயரிலேயே இருக்கிறது.