அப்பன் ரத்தமும் எக்ஸ் குரோமோசோமும்

பாளையங்கோட்டையிலிருந்து ஒரு வாசகர் கேட்கிறார்: கொலை வழக்கில் அப்பா மத்திய சிறையில் இருக்கிறார். மகன் பள்ளிக்கூடத்தில் யாரையாவது பிடித்துத் தள்ளினாலே, "அப்பன் ரத்தம்லா, எங்க போவும்?" என்கிறார்கள். குற்றம் பிறவியிலேயே வருவதா? அப்படியானால் தண்டிப்பது எப்படி நியாயம்?

செய்திகளில் 'குற்ற மரபணு' என்று அடிபடுவது எம்.ஏ.ஓ.ஏ. செரடோனின், டோபமின் போன்று மூளையில் செய்தி கடத்தும் வேதிப்பொருள்களை வேலை முடிந்ததும் சிதைக்கிற நொதிக்கான மரபணு இது. 1993இல் மரபியலாளர் ஹான் புரூனர் குழு ஆராய்ந்த ஒரு டச்சுக் குடும்பத்தில் ஆண்கள் சிலர் திடீர் திடீரென வெறிகொண்டு தாக்குவார்கள். தீ வைத்தவர்களும் உண்டு. அவர்களுக்கு அந்த மரபணுவில் ஒரே ஓர் எழுத்து மாறியிருந்தது, நொதியே உருவாகவில்லை.

எனக்கு மிகவும் பிடித்த இடம் இனிமேல்தான். இந்த மரபணு எக்ஸ் குரோமோசோமில் இருக்கிறது. அப்பா மகனுக்குக் கொடுப்பது ஒய். மகனின் எக்ஸ் அம்மாவிடமிருந்து மட்டுமே வரும். ஆக, அப்பாவின் எம்.ஏ.ஓ.ஏ. மகனிடம் போய்ச் சேர வழியே இல்லை! அந்த டச்சுக் குடும்பத்திலும் அது சாதுவான தாய்மார்கள் வழியாகத்தான் வந்தது. பெண்ணுக்கு இரண்டு எக்ஸ். ஒன்று பழுதானாலும் மற்றது சமாளித்துவிடும்.

நொதி அடியோடு இல்லாமல் போவது மிக அரிது. அது கொஞ்சம் குறைவாகச் சுரக்கும் மரபணு வடிவம்தான் பரவலானது. நியூசிலாந்தின் டனீடினில் பிறந்ததிலிருந்து கவனிக்கப்பட்ட பையன்களில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் அது இருந்தது. 2002இல் வெளியான அந்த ஆய்வின்படி, அந்த வடிவம் இருந்து, சின்ன வயதில் அடி உதை கொடுமையும் பட்டவர்களே மற்றவர்களைவிட அதிகமாக வன்முறைக்குப் போனார்கள். பிந்தைய ஆய்வுகள் சில ஒத்துவந்தன, சில வரவில்லை. ஆய்வுக்குப் பணம் ஒதுக்குகிறவர்கள் மரபணுவைவிட அந்த அடி உதையைத்தான் முதலில் பார்க்க வேண்டும் என்பேன். அதைத் தடுக்க முடியும்.

பிறப்பை வைத்துக் குற்றவாளி என்று ரேகை எடுத்த குற்றப் பரம்பரைச் சட்டம் 1911இல் சென்னை மாகாணத்துக்கு வந்தது; தென்மாவட்டங்கள் அதில் பட்ட பாடு கொஞ்சமல்ல. 1947இல் இங்கே அந்தச் சட்டத்தை ஒழித்தோம். பேச்சு இன்னும் போகவில்லை.

சரி, தண்டனை? செய்வது என்ன, அது தவறா என்றே அறிய முடியாத மனநிலையில் இருந்தவரைத்தான் நம் சட்டம் விடுவிக்கிறது: பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 84ஆம் பிரிவு, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 22. எம்.ஏ.ஓ.ஏ.வின் குறைந்த வடிவம் அந்த அறிவைப் பறிப்பதில்லை. 2009இல் இத்தாலியில் ஒரு மேல்முறையீட்டு நீதிமன்றம் இந்த மரபணுவையும் கணக்கில் எடுத்து ஒரு கொலையாளிக்கு ஓராண்டு குறைத்தது. எனக்கு அதில் உடன்பாடில்லை. அதே வடிவத்தோடு கோடிக்கணக்கானோர் யாரையும் தொடாமல்தான் வாழ்கிறார்கள்.