உயிர்காப்புத் தெப்பம்

கொழும்புத் துறைமுகத்தில் நிற்கும் சரக்குக் கப்பலொன்றின் மேற்தளத்தில், ஓரக் கம்பிகளுக்கு அருகே, வெள்ளைப் பீப்பாய் ஒன்று படுக்கையாக வைத்துக் கட்டப்பட்டிருப்பதைக் காணலாம். கப்பல் மூழ்கும்போது ஆட்கள் ஏறித் தப்புவதற்கான தெப்பம் அதனுள் மடித்து வைக்கப்பட்டிருக்கும். கப்பலில் வேலை செய்யும் நம்மவர் அதனை ‘லைப் ராப்ட்’ என்பர். தமிழில் எழுத முற்படுவோர் சிலர் ‘உயிர்காப்பு மிதவை’ என்கின்றனர். இது பொருத்தமாகப்படவில்லை, கப்பலோரத்தில் தொங்கும் செம்மஞ்சள் வளையமும் மிதவைதான், துறைமுக வாயிலில் மிதந்தபடி கப்பல்களுக்கு வழிகாட்டும் ‘போயா’ (buoy) என்ற அடையாளமும் மிதவைதான்.

‘ராப்ட்’ என்பது மரக்கட்டை, கூரைமரம் ஆகிய பொருள்கொண்ட பழைய நோர்ஸ் மொழிச் சொல்லிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தது. கட்டைகளைப் பிணைத்து மிதக்கவிடும் அதே பொருளுக்குச் சங்கத் தமிழ் வழங்கிய பெயர் புணை. ‘நீர்வழிப் படூஉம் புணைபோல்’, அதாவது நீர் இழுக்கும் வழியே செல்லும் புணைபோல், என்கிறது புறநானூற்றின் 192ஆம் பாட்டு. சினத்தின் கேட்டைச் சொல்லும் 306ஆம் குறளோ ‘இனமென்னும் ஏமப் புணையைச் சுடும்’ என்கிறது. ஏமம் என்றால் பாதுகாப்பு. ஆகவே நாம் தேடும் சொல் ஏறத்தாழ அப்படியே அங்கே கிடக்கிறது.

புறநானூற்று உவமை இன்றைய கருவிக்கும் பொருந்தும். உயிர்காப்புப் படகுக்கு இயந்திரம் உண்டு. இதற்கோ இரு துடுப்புகளும், நீரோட்டம் இழுத்துச் செல்லும் வேகத்தைத் தணிக்கும் கடல் நங்கூரமுமே உண்டு. பீப்பாயைக் கடலில் தள்ளி, கப்பலோடு பிணைத்த கயிற்றை முழுவதும் இழுத்துச் சுண்டினால், உள்ளேயிருக்கும் உருளையிலிருந்து காபனீரொட்சைட்டு பாய்ந்து, கூரையோடு கூடிய தெப்பம் ஒரு நிமிடத்துக்குள் ஊதி விரியும். தள்ளிவிட ஆளில்லாமலே கப்பல் மூழ்கினாலும், 4 மீற்றர் ஆழத்தை எட்டுவதற்குள் நீரழுத்தத்தால் இயங்கும் கொளுவி தானாக விடுபட்டுப் பீப்பாயை மேலெழ விடும். கயிற்றின் நுனியிலுள்ள வலுக்குறைந்த இணைப்பு அறுந்துவிடுவதால் கப்பல் தெப்பத்தையும் கீழே இழுத்துச் செல்லாது. அந்தக் கயிற்றைத் தவறான இடத்தில் கட்டினால் இத்தனை ஏற்பாடும் வீண்.

கடலில் உயிர்ப் பாதுகாப்புக்கான, சோலாஸ் எனப்படும் 1974ஆம் ஆண்டுச் சர்வதேசச் சமவாயத்தின் கீழ், தெப்பம் 18 மீற்றர் உயரத்திலிருந்து வீசப்பட்டாலும் பழுதின்றி இயங்க வேண்டும். கடலில் 30 நாள் தாக்குப்பிடிக்க வேண்டும். குறைந்தது 6 பேரையேனும் கொள்ள வேண்டும். நெடுந்தூரக் கப்பல்களுக்குரியதில் ஆளுக்கு ஒன்றரை லீற்றர் குடிநீர் இருக்கும். வழக்கமாக 12 மாதத்துக்கு ஒருமுறை அங்கீகாரம் பெற்ற நிலையத்தில் பிரித்துச் சோதிக்க வேண்டும்.

‘ஏமப்புணை’ அகராதிக்கு அழகான சொல். ஆனால் இருட்டில், சாயும் தளத்தில் நின்று வாசிக்க வேண்டிய அறிவித்தலில் அதற்குப் பொருள் தேடிக்கொண்டிருக்க முடியாது. நீர்கொழும்புக் கரையில் மீன்பிடிக் கலத்தைச் சுட்டும் ‘தெப்பம்’ சிங்களத்திலும் ‘தெப்பம’ என்றே வழங்குவதால், இங்குள்ள மாலுமிக்கு அது உடனே விளங்கும். மீன்பிடித் தெப்பத்தோடு குழம்பாதிருக்க ‘உயிர்காப்பு’ என்ற அடையே போதும். எனவே ‘உயிர்காப்புத் தெப்பம்’ என எழுதலாம். வளையத்தை ‘உயிர்காப்பு வளையம்’ என்று குறித்துவிட்டு, ‘மிதவை’யைப் போயாவுக்கே விட்டுவிடலாம்.