இரண்டு நொடியில் காணாமல் போன 1.8 ஜிபி

காலாண்டு விடுமுறையில் பையன் டேப்லெட்டில் இறக்கிக் குவித்திருந்த கேம்களை ஒரு வாசகி உட்கார்ந்து வரிசையாக நீக்கியிருக்கிறார். பாட வீடியோக்களைச் சேமிக்க இடமே இல்லையாம். நீக்கி முடித்ததும் சந்தேகம் வந்துவிட்டது. "ஒரு கார் ரேஸ் கேம் மட்டும் 1.8 ஜிபி. அது இறங்க எங்கள் வீட்டு நெட்டில் முக்கால் மணி நேரம் ஆனது. அன்இன்ஸ்டால் அழுத்தினால் இரண்டே நொடியில் காணோம். அது உண்மையிலேயே அழிந்ததா, இல்லை எங்காவது ஒளிந்துகொண்டிருக்கிறதா?" என்று எழுதியிருக்கிறார். கூடவே பையனின் கேள்வியும் ஒன்று: "கேமை எல்லாம் எடுத்துட்டா டேப் வெயிட் குறையுமா?"

இரண்டுமே நல்ல கேள்விகள். பையனுடையது ஒருபடி மேல். அதற்குக் கடைசியில் வருகிறேன்.

நீக்கும் வேலையைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. முகப்புத் திரையில் இருக்கும் படத்தை மட்டும் இழுத்துத் தள்ளினால் கேம் போகாது, குறுக்குவழிதான் போகும். செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதிக்குப் போய், ஆப்களை அளவு வாரியாக அடுக்கிப் பார்த்து, பெரியதிலிருந்து தொடங்குவது புத்திசாலித்தனம். ஆப் ஸ்டோரில் 150 எம்பி என்று காட்டும் கேம், திறந்து விளையாடத் தொடங்கியதும் படங்களையும் ஒலிகளையும் தனியாக இறக்கி 2 ஜிபி ஆகியிருக்கும். கேஷை, அதாவது ஆப் தற்காலிகமாகச் சேர்த்துவைக்கும் கோப்புகளை, மட்டும் அழித்தால் சின்னதாக ஒரு மூச்சு கிடைக்கும், அவ்வளவுதான்.

வாங்கும்போதே உள்ளே உட்கார்ந்திருக்கும் கேம்கள் வேறு ரகம். அவற்றில் சிலவற்றுக்கு அன்இன்ஸ்டால் பொத்தானே இருக்காது, 'டிசேபிள்' மட்டும் இருக்கும். காரணம், அவை இயங்குதளம் இருக்கும் பகுதியிலேயே வைக்கப்பட்டவை. அந்தப் பகுதியைப் படிக்கலாம், நாம் அதில் எழுதவோ அழிக்கவோ முடியாது. டிசேபிள் செய்தால் பின்னால் வந்த அப்டேட்கள் பிடித்த இடம் திரும்பும். மூல கேம் பிடித்த இடம் திரும்பாது. என்னிடம் இருக்கும் டேப்பில் இப்படி ஒரு பழம் வெட்டும் விளையாட்டு நாலு வருடமாக வாடகை கொடுக்காமல் குடியிருக்கிறது. காசு கொடுத்து வாங்கியவனுக்கு அதை வெளியேற்ற உரிமையில்லை என்பது எனக்கு இன்றைக்கும் எரிச்சல்தான்.

சரி, இரண்டு நொடி விஷயத்துக்கு வருவோம். பட்டாவில் ஒருவர் பெயரை அடித்துவிட்டால் அவர் கட்டிய வீடு உடனே இடிந்து விழுவதில்லை. அன்இன்ஸ்டால் என்பது பட்டாவில் பெயர் அடிக்கும் வேலை. எந்தக் கோப்பு எந்தெந்த இடத்தில் இருக்கிறது என்று இயங்குதளம் ஒரு பதிவேடு வைத்திருக்கிறது. கேமை நீக்கச் சொன்னதும் அந்தப் பதிவுகளை எடுத்துவிட்டு, "இந்த மனைகள் இனி காலி" என்று குறித்துக்கொள்கிறது. அதற்கு இரண்டு நொடியே அதிகம். கார், ரோடு, எஞ்சின் சத்தம் எல்லாம் அந்த நிமிடத்தில் சிப்புக்குள் அப்படியே இருக்கின்றன.

அப்படியானால் வீடு எப்போது இடிகிறது? இங்கேதான் எனக்குப் பிடித்த பகுதி வருகிறது.

டேப்புக்குள் இருப்பது ஃபிளாஷ் மெமரி. கோடிக்கணக்கான மிகச் சிறிய டிரான்சிஸ்டர்கள் கொண்ட சிப். ஒவ்வொன்றையும் ஓர் அறை என்று வைத்துக்கொள்ளுங்கள். சிப்களில் இருக்கும் சாதாரண டிரான்சிஸ்டருக்கும் இதற்கும் முக்கியமான வித்தியாசம் ஒன்றுதான்: நடுவில் ஒரு சிறு சிலிக்கான் துண்டு, எந்தக் கம்பியும் தொடாமல், நாலாபுறமும் மின்கடத்தாப் பொருள் சூழ, தனித்தீவாகக் கிடக்கிறது. மிதக்கும் வாயில் என்பார்கள். பெல் ஆய்வகத்தில் டாவோன் காங், சைமன் சே என்ற இருவரும் 1967-இல் உருவாக்கிய அமைப்பு இது. இன்றைய அடுக்குச் சிப்களில் பலவற்றில் சிலிக்கான் துண்டுக்குப் பதில் சிலிக்கான் நைட்ரைடு படலம் இருக்கும்; யோசனை அதேதான். அந்தத் தீவில் எலக்ட்ரான்கள் இருந்தால் ஒரு பொருள், இல்லாவிட்டால் வேறொரு பொருள். எவ்வளவு இருக்கின்றன என்று எட்டு அளவுகளாகப் பிரித்துப் பார்த்தால் ஓர் அறையில் மூன்று பிட், அதாவது 0 அல்லது 1 என்ற மூன்று இலக்கங்கள், வைக்கலாம். அந்தக் கணக்கில் நம் வாசகியின் கார் ரேஸ் சுமார் 480 கோடி அறைகளில் பரவிக் கிடந்திருக்கும்.

கரண்ட் இல்லாமல், பேட்டரி முழுக்க இறங்கிய பிறகும், எலக்ட்ரான்கள் ஏன் அந்தத் தீவிலேயே இருக்கின்றன? வெளியே போக வழியில்லை. சுற்றிலும் கண்ணாடி போன்ற சிலிக்கான் டை ஆக்ஸைடு சுவர். அதன் தடிமன் பத்து நானோமீட்டருக்கும் கீழே, தலைமுடியில் ஏறத்தாழ பத்தாயிரத்தில் ஒரு பங்கு. ஆனாலும் எலக்ட்ரானுக்கு அது ஏற முடியாத மலை. சரி, அப்படியானால் முதலில் உள்ளே போனது எப்படி?

மலை ஏறிப் போகவில்லை. மலையின் ஊடாகப் போயிற்று.

அணு அளவில் எலக்ட்ரான் ஒரு கோலிக்குண்டு மாதிரி நடந்துகொள்வதில்லை. அதற்கு அலைத்தன்மை உண்டு. சுவரில் மோதும் அலை சட்டென்று அங்கேயே முடிவதில்லை. சுவருக்குள் தேய்ந்துகொண்டே கொஞ்ச தூரம் போகிறது. சுவர் போதுமான அளவு மெல்லியதாக இருந்தால், மறுபக்கத்திலும் அலையின் ஒரு துளி மிச்சம் இருக்கும். துளி மிச்சம் இருந்தால், எலக்ட்ரான் மறுபக்கம் இருப்பதற்கும் ஒரு துளி வாய்ப்பு உண்டு. இதுதான் குவாண்டம் சுரங்க விளைவு. எட்டு நானோமீட்டர் சுவர் என்றால் அந்த வாய்ப்பு கிட்டத்தட்ட பூஜ்யம். அதனால்தான் உங்கள் புகைப்படங்கள் வருடக்கணக்கில் பத்திரமாக இருக்கின்றன.

இப்போது சிப் ஒரு வேலை செய்கிறது. உள்ளேயே இருக்கும் ஒரு சிறு சுற்று, மூன்று வோல்ட் அளவில் வரும் மின்னழுத்தத்தைப் படிப்படியாக ஏற்றி 20 வோல்ட் ஆக்குகிறது. 20 வோல்ட் என்ன பெரிய விஷயம், வீட்டு இன்வெர்ட்டர் பேட்டரியே 12 வோல்ட் என்று தோன்றும். ஆனால் இது விழுவது சில நானோமீட்டர் இடைவெளியில். மீட்டர் கணக்கில் சொன்னால் தோராயமாக 100 கோடி வோல்ட். காற்றைப் பிளந்து தீப்பொறி பறக்கவே மீட்டருக்கு 30 லட்சம் வோல்ட் போதும். அந்த அசுர மின்புலத்தில் மலையின் ஒரு சரிவு அப்படியே சாய்கிறது. முக்கோணமாகிவிட்ட மலையின் உச்சிக்குப் பக்கத்தில் எலக்ட்ரான் கடக்க வேண்டிய தடிமன் மிகச் சொற்பம். பூஜ்யமாக இருந்த வாய்ப்பு திடீரென்று நிஜமாகிறது. எலக்ட்ரான்கள் தீவுக்குள் போகின்றன. மின்னழுத்தத்தை நிறுத்தியதும் மலை பழையபடி நிமிர்கிறது, கதவு இருந்த சுவடே இல்லை. அழிக்க வேண்டுமானால் இதையே தலைகீழாகச் செய்ய வேண்டும்: அடித்தளத்தில் 20 வோல்ட், மேலே பூஜ்யம். எலக்ட்ரான்கள் வந்த வழியே வெளியேறும். ஒவ்வொரு முறை இப்படிப் போய் வரும்போதும் சுவரில் லேசாகக் காயம் படுகிறது. மூன்று பிட் அறைகள் ஓராயிரம் முதல் மூவாயிரம் முறை வரைதான் தாங்கும்.

இதில் ஒரு வேடிக்கை. அழித்த அறையைப் படித்தால் வருவது 0 இல்லை, 1. காலி மெமரி என்பது 1-ஆல் நிரம்பி வழியும் மெமரி.

எலக்ட்ரான்கள் குளிர்ந்த உலோகத்திலிருந்து பலத்த மின்புலத்தில் எப்படி வெளியே வருகின்றன என்பதை இந்த முறையில் கணக்கிட்டுக் காட்டியவர்கள் ரால்ஃப் ஃபவுலர், லோதர் நோர்ட்ஹைம். வருடம் 1928. அப்போது கம்ப்யூட்டரே கிடையாது. 'இதனால் நாட்டுக்கு என்ன பயன்?' என்று கேட்டிருந்தால் அவர்களிடம் பதில் இருந்திருக்காது. அதே ஃபவுலரிடம்தான் சென்னை மாநிலக் கல்லூரியில் படித்த வானியற்பியலாளர் சுப்ரமணியன் சந்திரசேகர் 1930-இல் இந்திய அரசின் உதவித்தொகையில் கேம்பிரிட்ஜ் போய் ஆராய்ச்சி மாணவராகச் சேர்ந்தார். இறந்த நட்சத்திரங்களைப் பற்றிக் கணக்குப் போட்டார், அதனாலும் உடனடியாக யாருக்கும் பைசா லாபமில்லை. ஆராய்ச்சி நிதி விண்ணப்பத்தில் 'எதிர்பார்க்கப்படும் பயன்' என்ற கட்டத்தைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இவர்கள் நினைவுக்கு வருவார்கள்.

சரி, அழிப்பதற்குத் திரும்புவோம். அழிக்கும் மின்னழுத்தத்தை ஒரே ஓர் அறைக்கு மட்டும் கொடுக்க இந்தச் சிப்பில் வழியில்லை. பல எம்பி கொண்ட ஒரு தொகுதி முழுவதையும் ஒரே அடியில்தான் அழிக்க முடியும். இது குறைபாடு இல்லை, தெரிந்தே செய்த பேரம். அதற்கு முந்தைய வகைச் சிப்களில் பைட் பைட்டாக அழிக்கலாம். அதற்காக ஒவ்வொரு அறையிலும் கூடுதலாக ஒரு டிரான்சிஸ்டர் தேவைப்பட்டது, விலை எகிறியது. தோஷிபாவில் இருந்த ஃபுஜியோ மசுவோகா அந்த வசதியையே தூக்கி எறிந்தார். எல்லாவற்றையும் மொத்தமாக அழி, அறை சிறியதாகும், விலை இறங்கும். கேமரா ஃபிளாஷ் மாதிரி ஒரே வெட்டில் அழிகிறதே என்று சக ஊழியர் ஷோஜி அரிஜுமி சொன்னதில் பெயரும் கிடைத்தது. 1984-இல் உலகுக்கு அறிவித்தார். நம் டேப்பில் இருக்கும் 'நாண்ட்' என்ற ஃபிளாஷ் வகை 1987-இல் வந்தது. உலகம் இதில் கோடிகோடியாகச் சம்பாதித்தது. மசுவோகா தன் பங்குக்காக வழக்குப் போட வேண்டியிருந்தது. 2006-இல் 8.7 கோடி யென்னுக்குச் சமரசம் ஆயிற்று.

மொத்தமாகத்தான் இடிக்க முடியும் என்றால் இன்னொரு சிக்கல். ஒரு தொகுதியை அடுக்குமாடிக் கட்டடம் என்று வையுங்கள். அதில் பாதி வீடுகளில் நீக்கப்பட்ட கேம், மீதி வீடுகளில் உங்கள் தங்கை கல்யாண போட்டோக்கள். அப்படியே இடிக்க முடியுமா? சிப்புக்குள் இருக்கும் கட்டுப்பாட்டுப் பகுதி முதலில் போட்டோக்களை வேறொரு காலிக் கட்டடத்துக்குக் குடிமாற்றுகிறது, பிறகுதான் பழையதை இடிக்கிறது. எந்தக் கட்டடமும் சீக்கிரம் தேய்ந்துவிடாதபடி மாற்றி மாற்றிப் பயன்படுத்துவதும் அதன் பொறுப்பு.

இதற்கு அந்தக் கட்டுப்பாட்டுப் பகுதிக்குத் தெரிய வேண்டும், எந்த வீடு காலி என்று. பட்டா திருத்தியது இயங்குதளம். சிப்புக்கு யாரும் தகவல் சொல்லவில்லையே? முன்பு உண்மையிலேயே சொல்லாமல்தான் இருந்தார்கள். நீக்கிய கேம்களையும் உயிருள்ளதாக நினைத்து சிப் சுமந்து சுமந்து குடிமாற்றியதில் பழைய ஆண்ட்ராய்டு டேப்கள் வாங்கிய சில மாதங்களிலேயே திணறின. 2013-இல் வந்த ஆண்ட்ராய்டு 4.3, 'இந்த இடங்களெல்லாம் காலி' என்று சிப்புக்கு அவ்வப்போது சொல்லும் டிரிம் ஏற்பாட்டைக் கொண்டுவந்தது. டேப் சும்மா இருக்கும் நேரத்தில், பெரும்பாலும் ராத்திரி சார்ஜில் கிடக்கும்போது, அது நடக்கும். அதன் பிறகு சிப் தன் வசதிப்படி இடிக்கிறது.

ஸ்டோரேஜ் கழுத்துவரை நிரம்பினால் டேப் ஏன் ஊர்கிறது என்பதும் இதிலேயே விளங்கும். குடிமாற்றக் காலிக் கட்டடம் இல்லாமல் சிப் திண்டாடுகிறது. நாலு பெரிய கேம்களை நீக்கியதும் டேப் சுறுசுறுப்பானதாகத் தோன்றுவது பிரமை இல்லை. ஆனால் 'ஒரே தட்டில் வேகம் கூட்டும்' கிளீனர் ஆப்கள் விஷயம் வேறு. சிப்புக்குள் நடக்கும் குடிமாற்றத்தில் அவற்றுக்குக் கைவைக்க வழியே கிடையாது. பச்சை வட்டம் சுற்றி, டிக் போட்டு, விளம்பரம் காட்டும். இந்தக் காலத்துத் தாயத்து அது. தாயத்தாவது இடம் அடைப்பதில்லை.

டேப்பை விற்கப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை: ஆப்களை நீக்கினால் மட்டும் போதாது, ஃபேக்டரி ரீசெட் செய்யுங்கள். இப்போதைய டேப்களில் எல்லாமே மறையாக்கம் செய்து, அதாவது ஒரு ரகசியச் சாவி இல்லாமல் படிக்க முடியாதபடி மாற்றி, எழுதப்படுவதால், ரீசெட்டில் சாவி அழிந்தால் மிச்சமிருப்பது வெறும் குப்பை.

இனி பையனின் கேள்வி. எலக்ட்ரான்கள் தீவை விட்டு வெளியேறினாலும் டேப்பை விட்டு எங்கும் போவதில்லை, எண்ணிக்கை அதேதான். ஆனால் தீவில் அடைபட்டிருக்கும்போது அவற்றுக்கு ஆற்றல் கொஞ்சம் அதிகம், ஆற்றல் கூடினால் நிறையும் கூடும் என்பது ஐன்ஸ்டைன் கணக்கு. கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் பெர்க்லி வளாகத்தைச் சேர்ந்த கணினி விஞ்ஞானி ஜான் குபியாடோவிச் 2011-இல் இதை மதிப்பிட்டுப் பார்த்தார். 4 ஜிபி மின்னூல் கருவி காலியாக இருப்பதற்கும் நிரம்புவதற்கும் உள்ள வித்தியாசம், ஒரு கிராமை நூறு கோடிப் பங்காக்கி, அதில் ஒரு பங்கை மறுபடி நூறு கோடிப் பங்காக்கினால் வருவது. ஆக, எடை குறையும் தம்பி. திரையில் நீ விட்டுப்போன விரல் ரேகை அதைவிடப் பல கோடி மடங்கு கனம் என்றாலும் குறையும். அதுவும் அம்மா அன்இன்ஸ்டால் அழுத்திய அந்த நொடியில் இல்லை. நீ தூங்கிய பிறகு, சார்ஜில் கிடக்கும்போது, அந்த ராத்திரியோ அடுத்த ராத்திரியோ.