மறுநடவுத் தீர்மானம் ஏன் தள்ளிப்போய்க்கொண்டே இருக்கிறது?

செம்பனை நிலம் வைத்திருக்கும் கூட்டுறவுச் சங்கங்களில் கூட்டத்துக்குக் கூட்டம் தள்ளிவைக்கப்படும் விவகாரம் ஒன்று உண்டு: மறுநடவு. மரத்துக்கு 25 வயது தாண்டிவிட்டது. 12 மீட்டருக்கு மேல் வளர்ந்துவிட்டதால் குலை வெட்ட ஆள் வர மறுக்கிறார்கள். ஆனால் வெட்டிச் சாய்த்துப் புதிதாக நட்டால் முதல் குலையைப் பார்க்க 30 முதல் 36 மாதம் ஆகும். அப்போது விலை என்னவாக இருக்கும் என்று யாருக்கும் தெரியாது. அதனால் “அடுத்த கூட்டத்தில் பார்ப்போம்” என்று கலைந்துவிடுகிறார்கள்.

மலேசியாவில் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப்புற ஊர்களில் சங்கம் நடத்துவோர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். இந்தத் தயக்கத்துக்குள் இரண்டு வெவ்வேறு சிக்கல்கள் கலந்து கிடக்கின்றன. ஒன்றில் கேள்வி தெளிவாக இருக்கிறது, விடைதான் தெரியவில்லை. விலை அப்படிப்பட்டது. 2022 மார்ச்சில் கச்சா செம்பனை எண்ணெய் டன்னுக்கு 7,000 வெள்ளியை (ரிங்கிட்) தாண்டியது. ஏப்ரல் 28-இல் இந்தோனேசியா ஏற்றுமதிக்குத் தடை போட்டு, மே 23-இல் நீக்கியது. ஜூலைக்குள் விலை 4,000-க்கும் கீழே இறங்கியது. எந்த நிபுணரைக் கூட்டிவந்தாலும் இதை முன்கூட்டிச் சொல்லியிருக்க மாட்டார்.

மற்றொன்றில் கேள்வியே ஆளுக்கு ஆள் வேறு. எழுபது வயது உறுப்பினருக்கு இந்த ஆண்டு லாப ஈவு வேண்டும். அவர் மகனுக்கு நிலம் கைவிட்டுப் போகக் கூடாது. பொருளாளருக்குக் கடன் என்றாலே பயம். இவர்கள் முன் பத்து விலை அறிக்கைகளை வைத்தாலும் சண்டை நீளுமே தவிர முடிவு வராது. ஒவ்வொருவரும் தமக்குச் சாதகமான பக்கத்தைத்தான் புரட்டுவார்கள். நான் பெரிய ஆபத்தாகக் கருதுவது இதைத்தான்.

ஆகவே இரண்டாவதை முதலில் தீர்க்க வேண்டும். கூட்டத்துக்கு முன்பே செயலவையினர் ஒவ்வொருவரும் ‘இந்த நிலம் யாருக்காக, எத்தனை ஆண்டுக்கு?’ என்பதற்குப் பெயர் போடாமல் இரண்டு வரி எழுதித் தரட்டும். செயலாளர் எல்லாவற்றையும் வாசிக்கட்டும். தலைவர் கடைசியில்தான் பேச வேண்டும். அவர் முதலில் வாயைத் திறந்தால், மரியாதைக்காகவே மற்றவர்கள் தலையாட்டிவிடுவார்கள். பிறகு விடைகளை இரண்டு மூன்றாகச் சுருக்கி உறுப்பினர் பொதுக்கூட்டத்தில் வையுங்கள்.

1960-இல் அன்றைய அமைச்சர் துன் சம்பந்தன் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியபோது ரப்பரின் வருங்காலம் யாருக்குத் தெரியும்? தோட்டங்கள் துண்டாடப்பட்டு, வேலையும் வீடும் பறிபோய்க்கொண்டிருந்தன. நிலத்தை நாமே வாங்குவதா இல்லையா என்பது மட்டுமே கேள்வி. அது எல்லாருக்கும் ஒன்றாக இருந்ததால்தான் பால்மரம் வெட்டியவர்கள் மாதம் 10 வெள்ளி கட்டினார்கள்.

கேள்வி நிலைத்த பிறகு கணக்குக்கு வரலாம். ஒரு சங்கத்திடம் 40 ஹெக்டர் இருக்கிறது, கிழட்டு மரங்கள் ஹெக்டருக்கு ஆண்டுக்கு 12 டன் குலை தருகின்றன என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் 480 டன். வெட்டுக்கூலி, லோரி, உரம் எல்லாம் சேர்த்து டன்னுக்கு 350 வெள்ளி செலவு என்றால், குலை விலை 600-ஆக இருக்கும்போது கையில் நிற்பது 120,000. விலை 900 என்றால் 264,000. நல்ல விலையை மட்டும் எழுதித் திட்டம் போடாதீர்கள். 600-இல் சங்கம் மூச்சுவிட முடியுமா என்று பாருங்கள். செலவும் அப்படியே நிற்காது; 2025-இல் குறைந்தபட்சச் சம்பளம் 1,700 வெள்ளிக்கு உயர்ந்தது.

நிலத்தை நான்காகப் பிரித்து, இரண்டு ஆண்டுக்கு ஒரு பிரிவு என்று நடுவது நல்லது. முதல் பிரிவு காய்க்கும் முன்பே இரண்டாவதை வெட்ட வேண்டியிருப்பதால், ஏறக்குறைய ஓராண்டுக்கு 20 ஹெக்டர் வருமானமில்லாமல் கிடக்கும். 600 வெள்ளி விலையில் அந்த ஆண்டு மிஞ்சுவது 60,000. இடைவெளியை மூன்று ஆண்டாக்கினால் இந்த நெருக்கடி குறையும், ஆனால் இன்று 25 வயதான கடைசிப் பிரிவு அதன் முறை வரும்போது 34 வயதைத் தொடும். எந்த நெருக்கடியைத் தாங்குவோம் என்று செயலவை வெளிப்படையாகத் தேர்ந்தெடுக்க வேண்டும்.

ஒன்றும் செய்யாமல் இருப்பது பாதுகாப்பு என்ற எண்ணம் பலருக்கு. 1961-இல் பொருளியலாளர் டேனியல் எல்ஸ்பர்க் இந்த மனப்போக்கை ஒரு சிறு சோதனையால் விளக்கினார். கூடையில் 90 பந்துகள். 30 சிவப்பு, மீதி 60-இல் கறுப்பு எத்தனை மஞ்சள் எத்தனை என்று தெரியாது. பந்தயம் கட்டச் சொன்னால் பெரும்பாலோர் கறுப்பை விட்டுச் சிவப்பையே எடுக்கிறார்கள். பழைய மரம் நமக்கு அந்தச் சிவப்புப் பந்துபோலத் தெரிகிறது. ஆனால் கானோடெர்மா பூஞ்சை அடித்தண்டைத் தின்றுகொண்டிருந்தால் அங்கும் ஒன்றும் உறுதியில்லை. வெளியே காளான் தெரியும்போது அடித்தண்டில் பாதி போயிருக்கும், மருந்தும் கிடையாது. அதனால் பிரிவுவாரியாக நோய்ப்பட்ட மரங்களை எண்ணச் சொல்லுங்கள். அதிகமுள்ள பிரிவை முதலில் சாய்க்கலாம்.

தீர்மானத்துக்கு முன் உளவியலாளர் கேரி க்ளைன் பரிந்துரைத்த ஒரு பயிற்சிக்கு அரைமணி நேரம் ஒதுக்குங்கள். ஐந்து ஆண்டு கழித்து மறுநடவு தோற்றுவிட்டது என்று வைத்துக்கொண்டு, ஏன் தோற்றது என்று ஒவ்வொருவரும் எழுத வேண்டும். சாய்த்த தண்டை மெல்லிய வில்லைகளாக நறுக்காமல் விட்டதால் காண்டாமிருக வண்டு பெருகியது, காட்டுப்பன்றி இளங்கன்றைக் கிளறியது, குத்தகைக்காரர் பாதியில் போனார் என்று வரும். பலர் எழுத மறப்பது கடன் தவணை. வங்கி இரண்டு ஆண்டு அவகாசம் கொடுத்து, மரம் மூன்றாம் ஆண்டில்தான் காய்த்தால் அந்த இடைவெளியிலேயே சங்கம் சிக்கிக்கொள்ளும். முதல் குலைகள் சிறியவை என்பதால் நான்கு ஆண்டு அவகாசம் கேளுங்கள்.

கன்று நாற்றங்காலில் ஏறக்குறைய 12 மாதம் வளர வேண்டும். முன்பதிவு செய்து முன்பணம் கட்டுவது சிறு செலவு. முழுச் செலவுக்கு முன் யோசிக்க ஓராண்டு கிடைக்கிறது. அந்த ஓராண்டில் எது நடந்தால் நிறுத்துவோம், எது நடந்தால் தொடர்வோம் என்பதை இப்போதே கூட்டக் குறிப்பில் எழுதுங்கள்: குலை விலை எத்தனை மாதம் எந்த அளவுக்குக் கீழே இருந்தால், கடன் எந்த நிபந்தனையில் கிடைக்காவிட்டால் என்று. நோய் எண்ணிக்கையும் அன்று நம்பிய விலை வரம்பும் அதே பக்கத்தில் இருக்கட்டும். மறுபரிசீலனைக் கூட்டத்தைக் கன்று எடுக்கும் நாளுக்கு இரண்டு மாதம் முன்பாகவே குறித்துவிடுங்கள்.