ரைவல் என்றால் பங்காளி

அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தைப் பற்றிய ஆவணப்படம் ஒன்றைத் தமிழ் வசனவரியோடு பார்க்க உட்கார்ந்தேன். மிச்சிகன் பல்கலைக்கழகமும் ஓஹியோ ஸ்டேட் பல்கலைக்கழகமும் ஆண்டுதோறும் மோதிக்கொள்ளும் கதை. முதல் பத்து நிமிடம் முழுக்க 'பரம எதிரி'. மொழிபெயர்த்தவருக்கே அலுத்துவிட்டதோ என்னவோ, பிறகு 'பரம வைரி' ஆனது. இடைவேளைக்கு அப்புறம் 'ஜென்மப் பகை'. பரமசிவன், பரமபதம், பரம எதிரி! கிரிக்கெட் செய்தி எழுதுகிறவர்கள் தொடங்கிவைத்த வியாதி இது. இப்போது அட்லாண்டிக்கையும் தாண்டிவிட்டது.

மூலத்தில் இருந்த சொல் ரைவல். இரண்டு அணிகளுக்கு நடுவே தலைமுறை தலைமுறையாக ஓடும் அந்த உறவுக்கு ரைவல்ரி என்று பெயர். இதற்குத் தமிழில் 'பகை' என்று எழுதுகிறவர்கள் அகராதியை ஒருமுறையாவது திறந்து பார்த்திருக்கலாம்.

சொல்லின் பிறப்பைச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். லத்தீனில் ரீவுஸ் என்றால் ஓடை, வாய்க்கால். ஒரே வாய்க்காலிலிருந்து தண்ணீர் பாய்ச்சுகிறவர்கள் ரீவாலிஸ். ரோமானியச் சட்ட அறிஞர் உல்பியன், தண்ணீர்த் தகராறு பற்றிப் பேசுமிடத்தில் இந்தப் பொருளில்தான் சொல்லைக் கையாள்கிறார். லத்தீன் நாடகக்காரர்கள் அதையே ஒரே பெண்ணை விரும்பும் இரண்டு ஆண்களுக்கு ஆக்கினார்கள். 16ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்கு வந்தது. ஆங்கிலத்தில் ஆற்றைக் குறிக்கும் ரிவர் இதே வேர் என்று பலர் எழுதுகிறார்கள். தப்பு, அது 'கரை' என்று பொருள்படும் ரீபாவிலிருந்து வந்தது. இன்னொன்று: ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட்டில் முதல் காட்சியிலேயே ஒரு காவலாளி தன்னோடு காவல் பார்க்கப்போகிறவர்களை ரைவல்ஸ் என்கிறான். அங்கே பொருள் கூட்டாளி. பகையின் வாடைகூட இல்லை.

ஆக, ஒரே தண்ணீரைப் பங்குபோடுகிறவர்கள், அதனாலேயே அடித்துக்கொள்கிறவர்கள். முறை வைத்துத் தண்ணீர் பாய்ச்சிய ஊர்க்காரர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டாம். மேல்மடைக்காரனுக்கும் கடைமடைக்காரனுக்கும் ராத்திரி மண்வெட்டியோடு நடக்கும் வாக்குவாதம்தான் ரைவல்ரி. காலையில் அதே இரண்டு பேரும் ஒரே டீக்கடையில் நிற்பார்கள்.

இதைப் பகை என்பதா? அமெரிக்க ராணுவக் கல்லூரியும் கடற்படைக் கல்லூரியும், அதாவது வெஸ்ட் பாயின்டும் அன்னாபொலிஸும், 1890 முதல் விளையாடிவருகின்றன. ராணுவத்துக்குச் சின்னம் கோவேறு கழுதை, கடற்படைக்கு ஆடு. அந்த ஆட்டைத் திருடிக்கொண்டு வருவது ராணுவ மாணவர்களின் பழைய குறும்பு. ஒரு பருவம் எதிர்க் கல்லூரிக்குப் போய்ப் படிக்கும் மாணவர்களை ஆட்டத்துக்கு முன்னால் மைதானத்தில் திருப்பி ஒப்படைக்கிறார்கள். அதற்குக் கைதிப் பரிமாற்றம் என்று கேலிப்பெயர். ஆட்டம் முடிந்ததும் இரண்டு அணியும் சேர்ந்து நின்று முதலில் தோற்றவர்களின் கல்லூரிப் பாடலைப் பாடும், அப்புறம் ஜெயித்தவர்களுடையதை. அதனால் 'இரண்டாவதாகப் பாடுவது' என்றாலே அவர்களுக்கு வெற்றி என்று அர்த்தம். ஒரே நாட்டின் தரைப்படையும் கடற்படையும் ஜென்மப் பகைவர்கள் என்று ஒருவர் தமிழில் எழுதினால், படிக்கிறவன் அங்கே உள்நாட்டுப் போர் மூண்டுவிட்டது என்றுதானே நினைப்பான்? நம் ஊரில் பஸ் வழித்தடத்துக்காகப் பட்டாக்கத்தி தூக்கும் மாணவர்களுக்கு வேண்டுமானால் பகை என்ற சொல்லைக் கொடுத்துவிடலாம்.

சரி, 'போட்டி'? நல்ல சொல்தான். ஆனால் ஒரு நாள் நடக்கும் ஆட்டமும் போட்டி, கட்டுரைப் போட்டியும் போட்டி, கோலப் போட்டியும் போட்டி. 'மிச்சிகன்–ஓஹியோ ஸ்டேட் போட்டி 1897இல் தொடங்கியது' என்று எழுதினால், ஏதோ ஒரு ஆட்டம் அன்றைக்குத் தொடங்கி இன்னும் முடியவில்லை போலிருக்கிறது. 1897இல் நடந்தது முதல் ஆட்டம். மிச்சிகன் பல்கலைக்கழக ஊரான ஆன் ஆர்பரில் மிச்சிகன் 34–0 என்று ஜெயித்தது. ஓஹியோ ஸ்டேட்டுக்கு முதல் வெற்றி 1919இல்தான். ஒரு பக்கமே ஜெயித்துக்கொண்டிருந்த அந்த இருபத்துச் சொச்சம் வருடத்தில் போட்டிகள் இருந்தன, ரைவல்ரி இருந்ததா என்று கேட்கலாம். இந்த வேறுபாட்டைப் 'போட்டி' தாங்காது.

தனித்தமிழ் நண்பர் ஒருவர் 'இகல்' என்றார். இகல், இகலணி, இகலாட்டம் என்று ஒரு பட்டியலே வைத்திருக்கிறார். சங்கச் சொல், ஓசையும் அழகு. எனக்கும் சபலம் தட்டியது. ஆனால் வள்ளுவர் இகலுக்கு ஒரு அதிகாரமே ஒதுக்கி, முதல் குறளிலேயே 'பகலென்னும் பண்பின்மை பாரிக்கும் நோய்' என்று தீர்ப்பு எழுதிவிட்டார். பகல் என்றால் அங்கே பிரிவு, பகுத்து விலகுதல். கூடாமையைப் பரப்பும் நோய்க்கு இகல் என்று பெயர். ஒரு லட்சம் பேர் குடும்பத்தோடு வந்து கொண்டாடும் சனிக்கிழமைக்கு நோயின் பெயரைச் சூட்டச் சொல்கிறார் நண்பர். தூய்மை வேண்டும் என்பதில் எனக்கும் அவருக்கும் சண்டையே இல்லை. பழைய சொல் என்பதற்காகப் பொருள் பொருந்தாததை இழுத்துவருவது தூய்மையில் சேராது என்பதுதான் என் கட்சி. அவர் இதை ஒப்புக்கொள்ளவில்லை. இப்போது 'முரணணி' என்று ஆரம்பித்திருக்கிறார். அதற்குச் செய்யுளில் ஏற்கெனவே வேறு வேலை இருக்கிறது, எதுகை மோனைக்குப் பக்கத்தில் முரண் என்று ஒரு தொடையே உண்டு.

யாழ்ப்பாணத்தவர்கள் 'சமர்' என்பார்கள். சென் ஜோன்ஸ் கல்லூரியும் யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியும் ஆடும் கிரிக்கெட் 'வடக்கின் பெருஞ்சமர்'. இதுவும் நூறாண்டு தாண்டிய சங்கதி. 'பொன் அணிகளின் சமர்', 'இந்துக்களின் சமர்' என்று மற்றவையும் உண்டு. ஆட்டத்துக்குப் பெயராக அருமை. ஆனால் சமர் என்பது அந்த இரண்டு மூன்று நாள். மீதி வருடம் இரண்டு பள்ளிக்கும் நடுவே ஓடுகிற அந்தக் குறுகுறுப்புக்குப் பெயர் அதில் இல்லை.

இனி என் சொல். பங்காளி.

பங்கு, ஆளி. ஒரே பாட்டன் சொத்தில் உரிமையுள்ளவர்கள். அதனாலேயே வரப்புக்கும் கிணற்றுக்கும் முறைத்துக்கொள்கிறவர்கள். ரீவாலிஸ் எந்தப் பாதையில் வந்ததோ, கிட்டத்தட்ட அதே பாதை: முதலில் பங்கு, பிறகு சண்டை. சண்டை வந்த பிறகும் பங்கு போகாது. இதே பொருளுக்குத் தாயாதி என்றும் உண்டு, வடமொழி 'தாய'த்தின் வழி. எனக்குப் பங்காளியே போதும். மதுரைப் பக்கம் 'என்ன பங்காளி' என்று தோளில் கைபோடுகிறவன் நண்பன். அதே ஊரில் 'பங்காளிச் சண்டை' என்றால் கோர்ட்டு வரை போன விஷயம். கூட்டாளி, எதிராளி இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லும் சொல் வேறு எங்கே கிடைக்கும்? அரசியல் மேடையில் 'அவர்கள் பங்காளி, இவர்கள் பகையாளி' என்று பேசுகிறவர்களுக்கு இந்த வித்தியாசம் நன்றாகத் தெரிந்திருக்கிறது. வசனவரி எழுதுகிறவர்களுக்குத்தான் தெரியவில்லை.

சோழர் குடியிலேயே நலங்கிள்ளியும் நெடுங்கிள்ளியும் முட்டிக்கொண்டபோது புலவர் கோவூர் கிழார் சொன்னதும் இதுதானே? எதிரே நிற்பவன் பனம்பூ சூடிய சேரனும் இல்லை, வேப்பம்பூ சூடிய பாண்டியனும் இல்லை. உன் மாலையும் ஆத்தி, அவன் மாலையும் ஆத்தி. 'ஒருவீர் தோற்பினும் தோற்ப நும் குடியே.' சேரனோடு பொருதால் பகை, கிள்ளியோடு கிள்ளி பொருதால் பங்காளிச் சண்டை.

மிச்சிகன், ஓஹியோ கதைக்கு இதைப் பொருத்திப் பாருங்கள். 1835இல் ஓஹியோ மாநிலத்துக்கும் அப்போது மாநிலமாகாத மிச்சிகனுக்கும் எல்லைத் தகராறு. டொலிடோ ஊரும் மௌமி ஆறு ஈரி ஏரியில் கலக்கும் முகத்துவாரமும் யாருக்கு என்பதுதான் வழக்கு. வாய்க்கால் சண்டையேதான்! இரண்டு பக்கமும் ஆள் திரட்டினார்கள். சிந்திய ரத்தம், ஒரு துணை ஷெரிப் பேனாக்கத்தியால் குத்துப்பட்டதில் வந்தது. ஓஹியோவுக்கு டொலிடோ போனது. மிச்சிகனுக்கு 'மேல் தீபகற்பம்' என்ற நிலப்பகுதியும் 1837இல் மாநிலத் தகுதியும் கிடைத்தன. பந்துச் சண்டை இதிலிருந்தே முளைத்தது என்பது கொஞ்சம் மிகை, நடுவே அறுபது வருடம் இருக்கிறது. ஆனாலும் சொல்லும் கதையும் ஒரே தண்ணீரில் வந்து நிற்பதைப் பார்த்து எனக்குச் சிரிப்பு வந்தது.

பிறகு 1969 முதல் 1978 வரை 'பத்தாண்டுப் போர்' என்று பெயர்பெற்ற காலம். ஓஹியோ ஸ்டேட் பயிற்சியாளர் வுடி ஹேஸ், மிச்சிகன் பயிற்சியாளர் போ ஷெம்பெக்லர். போ ஓஹியோவில் பிறந்தவர், வுடியிடம் விளையாடியவர், வுடிக்கு உதவியாளராக இருந்தவர். வந்த முதல் வருடமே குருவின் அணியை 24–12 என்று கவிழ்த்தார். பத்து ஆட்டத்தில் சிஷ்யனுக்கு ஐந்து, குருவுக்கு நான்கு, ஒன்று சமன். வுடி 1987இல் இறப்பதற்குச் சற்று முன்பு, உடம்பு முடியாத நிலையிலும் டேட்டன் நகருக்குப் போய், போ பேசவிருந்த கூட்டத்தில் அவரை அறிமுகப்படுத்திவிட்டு வந்தார். 2006இல் நாட்டின் முதல் இரண்டு இடத்திலும் இந்த அணிகளே இருந்தபோது, ஆட்டத்துக்கு முந்தின நாள் போ இறந்துபோனார். மறுநாள் ஓஹியோ மைதானமே எழுந்து மௌனம் காத்தது. பங்காளி செத்தால் தீட்டு உண்டு. பகையாளிக்கு யார் தீட்டுக் காப்பார்கள்?

மறுப்பு வராமலா இருக்கும்? 'பங்காளி ரத்த உறவுச் சொல், ஆண்வழிச் சொல், பெண்கள் அணிக்கு எப்படிப் பொருந்தும்' என்பார்கள். நியாயமான கேள்வி. ஆனால் சகோதர நிறுவனம், தாய்க் கழகம் என்றெல்லாம் எழுதும்போது யாரும் ரத்தப் பரிசோதனை கேட்பதில்லை. எல்லா இடத்திலும் இதைப் போடச் சொல்லவும் இல்லை. சோப்புக் கம்பெனிக்கு எதிர்ச் சோப்புக் கம்பெனி 'போட்டி நிறுவனம்', அவ்வளவுதான். காதலில் வருகிறவனுக்கு வேறு சொல் பாருங்கள். பெண்பாலுக்குச் 'சக்களத்தி' ஏற்கெனவே காத்திருக்கிறாள். ஒரே லீக், ஒரே வட்டாரம், ஒரே கோப்பை, பல தலைமுறை என்று சேரும் இடத்தில் பங்காளி அணி, பங்காளி ஆட்டம் என்று எழுதுங்கள். உறவுக்குப் பங்காளிப் போட்டி என்றால் 'போட்டி'க்கும் ஒரு முகம் கிடைக்கும்.

இதில் இன்னொரு கூத்து, அந்த வசனவரியில் ஆட்டத்தை வெறும் 'கால்பந்து' என்றே போட்டிருந்ததுதான். பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு ஓடும் ஆளின் காலடியில் 'கால்பந்து வீரர்' என்று எழுத்து ஓடுகிறது. குறைந்தது 'அமெரிக்கக் கால்பந்து' என்றாவது போட வேண்டாமா? சொல்லுக்குச் சொல் மாற்றினால் வேலை முடிந்தது என்று எண்ணுகிறார்கள். கூலியும் சொல்லுக்கு இத்தனை பைசா என்றுதான், அவர்களை மட்டும் வைதும் பயனில்லை.

வுடி ஹேஸ் மிச்சிகன் என்ற பெயரை வாயால் சொல்ல மாட்டார், 'வடக்கே இருக்கிறதே அந்த மாநிலம்' என்பார். இன்றைக்கும் அந்த வாரம் ஓஹியோ ஸ்டேட் வளாகத்தின் பெயர்ப்பலகைகளில் மிச்சிகனின் முதலெழுத்தைச் சிவப்பு நாடாவால் பெருக்கல்குறி போட்டு மறைத்துவிடுகிறார்கள். என் தாத்தாவும் தன் சித்தப்பா மகனைப் பெயர் சொல்லிக் குறிப்பிட்டு நான் கேட்டதில்லை. 'வடக்கு வீட்டுக்காரன்' என்றுதான் சொல்வார். வுடி அப்படிச் சொல்லும் கட்டத்தில் வசனவரி 'வட மாநில அணி' என்று ஓடியது.